லண்டனைக் கூரையில்லாப் பேருந்தில் பார்ப்பது: முதல்முறை வருவோருக்கு ஒரு விளக்கம்

எழுபது வயதை நெருங்கும் பெற்றோருடன் லண்டனில் இரண்டு நாள் தங்கப்போவதாகவும், அப்பாவுக்கு முழங்கால் வலி இருப்பதாகவும், கூரையில்லாத சுற்றுலாப் பேருந்துக்குக் கொடுக்கும் பணம் தகுமா, சாதாரண நகரப் பேருந்தே போதாதா என்றும் கேட்டிருக்கிறீர்கள். இந்த ஊரில் நெடுங்காலமாக வசிப்பவன், வந்துபோகும் உறவினர்களுடன் அந்தப் பேருந்தில் பலமுறை சென்றவன் என்ற முறையில் சொல்கிறேன்: முதல் நாளுக்குத் தகும், இரண்டாம் நாளுக்குத் தேவையில்லை. அதுவும், சீட்டு விற்பவர்கள் சொல்லும் விதத்தில் பயன்படுத்தினால் தகாது.

அவர்கள் சொல்வது, விரும்பிய நிறுத்தத்தில் இறங்கிச் சுற்றிப் பார்த்துவிட்டு, அடுத்து வரும் பேருந்தில் மறுபடி ஏறிக்கொள்ளலாம் என்பது. கேட்பதற்கு அருமையாக இருக்கும். நடைமுறையில், ஒவ்வொரு முறை இறங்கும்போதும் மேல்தளத்தில் பிடித்துவைத்த நல்ல இருக்கை கைவிட்டுப் போகும். அடுத்த பேருந்துக்காகக் கால் மணி முதல் அரை மணி நேரம் வரை தெருவோரத்தில் நிற்க நேரும். வந்த வண்டியில் மேலே இடம் இருக்கிறதோ இல்லையோ, வளைந்து ஏறும் அந்தக் குறுகிய படிக்கட்டில் உங்கள் அப்பா மறுபடி ஏறித்தான் பார்க்க வேண்டும். நாலைந்து இடங்களில் இறங்கி ஏறினால் பகற்பொழுதில் பெரும்பகுதி நிறுத்தங்களிலேயே கழிந்துவிடும். மத்திய லண்டனின் நெரிசலில் பேருந்து ஆமை வேகத்தில்தான் நகரும். நடந்து போகிறவர் அதை முந்திச் செல்வதைப் பல இடங்களில் காணலாம். ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குப் போய்ச் சேர இதைவிட மோசமான வாகனம் இல்லை. ஆனால் உட்கார்ந்து பார்ப்பதற்கு அந்த வேகமே வசதி. ஆகவே காலையில் ஏறி, எங்கும் இறங்காமல் ஒரு முழுச் சுற்று வாருங்கள். சாலை நிலவரத்தைப் பொறுத்து இரண்டு முதல் மூன்று மணி நேரம் ஆகும். அந்தச் சுற்று முடியும்போது எது எதற்குப் பக்கத்தில் இருக்கிறது, எதை நடந்து போய்ப் பார்க்கலாம், எதைத் தூரத்திலிருந்து பார்த்ததே போதும் என்பதெல்லாம் பிடிபட்டுவிடும். சுரங்க ரயிலில் மட்டும் சுற்றுகிறவர்களுக்குக் கடைசிவரை கிட்டாத அறிவு இது. அவர்களுடைய லண்டன், ஒன்றோடொன்று தொடர்பற்ற நிலைய வாசல்களின் தொகுப்பாகவே நின்றுவிடும்.

மேல்தளத்துக்கு ஏன் இவ்வளவு அழுத்தம் கொடுக்கிறேன் என்று கேட்கலாம். லண்டனின் தரைத்தளம் இன்று எந்தத் தெருவிலும் ஒரே மாதிரிதான் இருக்கிறது. அதே காப்பிக் கடை, அதே சாண்ட்விச் கடை, அதே செல்பேசிக் கடை. பழைய நகரம் முதல் மாடியிலிருந்து தொடங்குகிறது. ஸ்ட்ராண்ட் தெருவில், நீதிமன்றத்துக்கு எதிரே, இரண்டு கட்டடங்களுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு நிற்கும் ட்வைனிங்ஸ் தேயிலைக் கடை 1706 முதல் அங்கே இருக்கிறது. நடைபாதையில் போகிறவர் கண்ணில் ஒரு சிறிய வாசல் மட்டுமே படும். மேல்தளத்திலிருந்து பார்த்தால் அந்த வாசலின் நெற்றியில் ஒரு பொன்னிறச் சிங்கமும் அதன் இருபுறமும் சாய்ந்து அமர்ந்திருக்கும் இரண்டு சீனரும் ஏறக்குறைய கண்மட்டத்துக்கே வந்துவிடுவார்கள். அதைத் தாண்டி ஃப்ளீட் தெருவுக்குள் நுழைந்ததும் இடப்பக்கம் செயின்ட் டன்ஸ்டன் தேவாலயத்தின் கடிகாரம் நடைபாதைக்கு மேலாகத் துருத்திக்கொண்டு நிற்கும். 1671ஆம் ஆண்டைச் சேர்ந்த அந்தக் கடிகாரத்துக்குப் பின்னால் ஒரு சிறு மாடத்தில் கதாயுதம் ஏந்திய இரண்டு பூதங்கள் கால் மணிக்கொருமுறை மணியை அடிக்கும். நிமிட முள்ளோடு லண்டனில் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்ட முதல் கடிகாரம் அதுதான். பேருந்து அங்கே சிக்னலில் நின்றுவிட்டால் அதை நல்வினை என்று எண்ணிக்கொள்ளுங்கள்.

இந்தத் திறந்த மாடி சுற்றுலாப் பயணிகளுக்காகப் புதிதாகக் கண்டுபிடிக்கப்பட்டது அன்று. ஜார்ஜ் ஷில்லிபீர் என்பவர் 1829இல் பாடிங்டனிலிருந்து பேங்க் என்ற இடம் வரை குதிரை பூட்டிய முதல் பேருந்தை ஓட்டினார். பின்னர் கூட்டம் பெருகப் பெருக, கூரை மீதும் இருக்கை போடும் வழக்கம் வந்தது. 1910இல் பி டைப் எனப்படும் மோட்டார் பேருந்து வந்தபோதும் மாடி திறந்தே இருந்தது. முதல் உலகப் போரில் அந்த வண்டிகள் நூற்றுக்கணக்கில் பிரான்சுக்கும் பெல்ஜியத்துக்கும் கொண்டு செல்லப்பட்டுப் போர்முனைக்குச் சிப்பாய்களை ஏற்றிச் சென்றன. மாடிக்குக் கூரை போட்டால் மேற்பாரம் கூடி வண்டி கவிழும் என்று அஞ்சி, பெருநகரக் காவல்துறை 1920களின் நடுப்பகுதி வரை அதற்கு அனுமதி தரவில்லை. மழை வந்தால் பயணிகள் முன் இருக்கையின் முதுகில் மாட்டியிருக்கும் தார்ப்பாயை இழுத்து மடிமீது போர்த்திக்கொண்டு அலுவலகம் போவார்கள். இன்று நாம் பணம் கொடுத்து அனுபவிக்கும் காற்றும் தூறலும் மூன்று தலைமுறை லண்டன் எழுத்தர்களின் அன்றாடத் தொல்லையாக இருந்தவை. நகரைச் சுற்றிக்காட்டும் பேருந்து என்ற தனி ஏற்பாடு 1951ஆம் ஆண்டின் பிரிட்டன் திருவிழாவை ஒட்டித் தொடங்கியது.

இப்போது பல நிறுவனங்கள் இந்தப் பேருந்துகளை ஓட்டுகின்றன. தடங்களுக்கு நிறங்களைப் பெயராக வைத்து, வரைபடத்தில் பின்னிப் பிணைந்து போட்டிருப்பார்கள். குழம்ப வேண்டியதில்லை. எல்லாவற்றுக்கும் முதுகெலும்பு ஒன்றுதான்: அரசும் நாடாளுமன்றமும் இருக்கும் வெஸ்ட்மின்ஸ்டரிலிருந்து, வணிகமும் வங்கியும் இருக்கும் பழைய ‘சிட்டி’ வரை தேம்ஸ் நதியின் வடகரையோடு போகும் பாதை. லண்டன் உண்மையில் இரண்டு நகரங்கள். ஒன்று ரோமானியர் கட்டியெழுப்பிய வணிக நகரம். மற்றொன்று மேற்கே சற்றுத் தள்ளி, மடத்தையும் அரண்மனையையும் சுற்றி வளர்ந்த அரச நகரம். இரண்டையும் இணைத்த சாலைதான் ஸ்ட்ராண்டும் ஃப்ளீட் தெருவும். நீங்கள் வாங்கும் சீட்டின் தடம் டிராஃபல்கர் சதுக்கத்திலிருந்து செயின்ட் பால் பேராலயம் வரை இந்தச் சாலையில் போகிறதா என்பதை மட்டும் பார்த்து வாங்கினால் போதும்; மற்றவையெல்லாம் அதைச் சுற்றிய கிளைகள்.

டிராஃபல்கர் சதுக்கத்தில் கடற்படைத் தளபதி நெல்சனின் தூண் ஏறக்குறைய 52 மீட்டர் உயரம். தரையில் நிற்பவருக்குக் கழுத்து வலிதான் மிஞ்சும். மேல்தளத்தில் அமர்ந்தவருக்குக் கூரை மறைக்காததால் தூணின் உச்சிவரை பார்வை தடையில்லாமல் போகும். சதுக்கத்தின் தென்கோடியில், சாலைகளுக்கு நடுவே ஒரு திட்டில், குதிரை மீது அமர்ந்த முதலாம் சார்லஸ் மன்னரின் சிலையைத் தவறவிடாதீர்கள். லண்டனிலிருந்து இத்தனை மைல் என்று நாட்டின் சாலைகளில் குறிப்பதற்குரிய தொடக்கப்புள்ளி அந்த இடமே. அந்த மன்னர் பார்த்துக்கொண்டிருப்பது வைட்ஹால் சாலையை. 1649இல் அவருடைய தலை வெட்டப்பட்டது அதே சாலையில் உள்ள விருந்து மாளிகையின் வாசலில்.

அங்கிருந்து கிழக்கே திரும்பினால் ஆல்ட்விச் வளைவில் இந்திய ஹைகமிஷன் இயங்கும் இந்தியா ஹவுஸ் வரும். ஹெர்பர்ட் பேக்கர் வடிவமைத்து 1930இல் திறக்கப்பட்ட கட்டடம். புது தில்லியின் தலைமைச் செயலகக் கட்டடங்களைக் கட்டியவரும் அவரே. அன்றைய பிரிட்டிஷ் இந்திய மாகாணங்களின் வண்ணச் சின்னங்கள் அதன் வெளிச்சுவரில் பதிக்கப்பட்டிருக்கின்றன. நடந்து போகிறவர்கள் பெரும்பாலும் கவனிப்பதில்லை.

உயர் நீதிமன்றத்தின் கோபுரங்களைக் கடக்கும் இடத்தில், நடுச்சாலையில் ஓர் உயர்ந்த பீடத்தின் மேல் இறகு விரித்த டிராகன் ஒன்று நிற்கும். 1880இல் வைக்கப்பட்ட அந்தச் சின்னம்தான் இரண்டு நகரங்களுக்கும் எல்லை. அதற்கு முன் அங்கே டெம்பிள் பார் என்ற கல்வாசல் இருந்தது. போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று 1878இல் கல்கல்லாகப் பிரித்து எடுக்கப்பட்டு, ஒரு செல்வந்தரின் தோட்டத்துக்குப் போய், 2004இல்தான் திரும்பி வந்து செயின்ட் பால் பேராலயத்தின் பக்கத்தில் மறுபடி எழுந்தது. அரசு விழாக்களின்போது மன்னர் இந்த எல்லையில் நின்று, நகரத் தலைவர் நீட்டும் வாளைத் தொட்ட பிறகே உள்ளே நுழையும் சடங்கு ஒன்று உண்டு. வணிகர்களின் நகரம் அரசனிடம் எவ்வளவு உரிமையை வாங்கி வைத்திருந்தது என்பதை அதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது.

எல்லையைக் கடந்ததும் கண்ணை நேர் எதிரே வைத்துக்கொள்ளுங்கள். ஃப்ளீட் தெரு ஒரு சரிவாக இறங்கி, மறுபுறம் லட்கேட் குன்றாக ஏறும். அந்த ஏற்றத்தின் முடிவில் செயின்ட் பால் பேராலயத்தின் கும்பம் வானத்தின் பின்னணியில் நிற்கும். 1666ஆம் ஆண்டின் பெருந்தீக்குப் பின் கட்டடக் கலைஞர் கிறிஸ்டோபர் ரென் 1675இல் தொடங்கிய இந்தப் பேராலயத்தின் உயரம் 111 மீட்டர். இன்றைய கண்ணாடிக் கோபுரங்கள் இதைப் போல இரண்டு மடங்கு உயரம். ஆயினும் இந்தக் கோணத்தில் பேராலயம் சிறுத்துத் தெரியாததற்குக் காரணம் இருக்கிறது. அதன் பின்னால் 225 மீட்டர் உயரத்தில் நிற்கும் லெடன்ஹால் கட்டடம், காய்கறித் துருவியைப் போல் ஒரு பக்கம் முழுக்கச் சரிந்திருக்கும். ஃப்ளீட் தெருவிலிருந்து பார்க்கும்போது கும்பத்தின் மேல் வந்து முட்டாமல் விலகி நிற்க வேண்டும் என்ற நகரமைப்பு விதிக்குக் கட்டுப்பட்டே அது அப்படிச் சாய்த்துக் கட்டப்பட்டது. ஒரு முந்நூறு ஆண்டுப் பழைய கட்டடத்துக்காகக் கோடிக்கணக்கான பவுண்ட் மதிப்புள்ள இடத்தைக் காற்றில் விட்டிருக்கிறார்கள். இதைத் தரையிலிருந்தும் பார்க்கலாம் என்றாலும், நடைபாதைக் கூட்டத்தில் நின்று பார்க்க முடியாது. மாடி இருக்கையில் இருந்தால் அந்தச் சரிவு முழுவதும் பேருந்து இறங்கி ஏறும் நேரம் வரை பார்த்துக்கொண்டே வரலாம். என்னைக் கேட்டால், கொடுத்த காசுக்கு இந்தச் சில நிமிடங்களே போதும்.

பேருந்து குன்றேறிப் பேராலயத்தின் தென்பக்கமாக வளைந்து கேனன் தெருவுக்குள் போகும். கிழக்கு நோக்கிய பயணத்தில் இடப்பக்க இருக்கையில் இருப்பவர்களுக்குப் பேராலயம் கை நீட்டினால் தொடும் தூரத்தில் வரும். தெற்கு வாசலின் மேல் முக்கோண முகப்பில், தீயிலிருந்து எழும் ஃபீனிக்ஸ் பறவை செதுக்கப்பட்டிருப்பதைப் பாருங்கள். பிறகு சில நிமிடங்களில் வலப்பக்கம் ஒரு சந்தின் முடிவில் மானுமென்ட் எனப்படும் ஒற்றைத் தூண் மின்னலாகத் தோன்றி மறையும். பெருந்தீ தொடங்கிய புட்டிங் சந்தின் ரொட்டிக்கடை அந்தத் தூணிலிருந்து 202 அடி தூரத்தில் இருந்தது; தூணின் உயரமும் 202 அடி. உள்ளே 311 படிகள்; முழங்கால் வலிக்காரர்களுக்கு வெளியிலிருந்து பார்ப்பதே போதும்.

டவர் கோட்டையும் டவர் பாலமும் தான் பெரும்பாலோர் இந்தப் பேருந்தில் ஏறுவதற்கே காரணம். பாலத்தில் தெற்கு நோக்கிப் போகிறீர்களானால் வலப்பக்கமும், வடக்கு நோக்கி வருகிறீர்களானால் இடப்பக்கமும் நல்ல பக்கங்கள். ஏனெனில் கோட்டை, பெல்ஃபாஸ்ட் போர்க்கப்பல், ஷார்ட் கோபுரம், சிட்டியின் உயர்கட்டடங்கள் எல்லாம் மேற்குப் பக்கமாக நதியின் மேல்புறத்தில் இருக்கின்றன. 1894இல் திறக்கப்பட்ட இந்தப் பாலம் இன்றும் ஆண்டுக்கு ஏறக்குறைய 800 முறை கப்பலுக்காகத் தூக்கப்படுகிறது. நதிப் போக்குவரத்துக்கே முன்னுரிமை என்பதால், பேருந்து எவ்வளவு நேரம் காத்திருந்தாலும் கேள்வி கேட்க முடியாது. 1952 டிசம்பரில் 78ஆம் எண் மாடிப் பேருந்தை ஓட்டிவந்த ஆல்பர்ட் கன்டர் என்ற ஓட்டுநர், தம் வண்டி பாலத்தின் மேல் இருக்கும்போதே அது தூக்கப்படத் தொடங்கியதைக் கண்டு, நிறுத்த நேரமில்லை என்று முடிவெடுத்து, வேகத்தைக் கூட்டி இடைவெளியைத் தாண்டி மறுபாதியில் வண்டியை இறக்கினார். பயணிகள் உயிர் தப்பினர். நிர்வாகம் அவருக்கு 10 பவுண்ட் பரிசளித்தது. பேருந்து வழிகாட்டிகள் சொல்லும் கதைகளில் நம்பத் தோன்றாத இது உண்மை. நம்பத்தக்கதாகத் தோன்றும் இன்னொன்று, பழைய லண்டன் பாலத்தை 1968இல் வாங்கிய அமெரிக்கர் அதை டவர் பாலம் என்று எண்ணி ஏமாந்தார் என்பது. வாங்கியவரும் விற்றவரும் மறுத்த கதை அது.

வழிகாட்டி என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். சில பேருந்துகளில் ஆள் நின்று ஆங்கிலத்தில் பேசுவார். மற்றவற்றில் காதொலிக் கருவியில் பல மொழிப் பதிவுகள் இருக்கும். பதிவு, வண்டி இருக்கும் இடத்துக்கேற்ப ஓடுவதால் நெரிசலில் நின்றுவிட்டால் பேச்சு முடிந்து இசை தொடங்கிவிடும். அப்பா அம்மா இரண்டாவது பாட்டிலேயே கருவியைக் கழற்றிவிடுவார்கள். ஆள் பேசும் வண்டியைக் கேட்டு ஏறுங்கள். அவர் ஆங்கிலத்தில் சொல்வதை நீங்கள் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தால் பெரியவர்களுக்கு அதுவே சிறப்பு.

தென்கரையைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. பேருந்துச் சாலை நதியிலிருந்து உள்வாங்கிப் போவதால் அலுவலகச் சுவர்களையே பார்ப்பீர்கள். நதிக்கரையின் அழகு நடைபாதையில் இருக்கிறது. வெஸ்ட்மின்ஸ்டர் பாலத்துக்கு வந்ததும் மறுபடி விழித்துக்கொள்ளுங்கள். வடக்கு நோக்கிக் கடக்கும்போது இடப்பக்கம் நாடாளுமன்றத்தின் முழு நீளமும், வலப்பக்கம் 135 மீட்டர் உயரமுள்ள லண்டன் ஐ சக்கரமும் வரும். பிக் பென் மணிக்கூண்டு 2017 முதல் 2022 வரை நடந்த பழுதுபார்ப்புக்குப் பின் பளிச்சென்று இருக்கிறது. கரியும் புகையும் ஏறிக் கறுத்திருந்த முகப்பு எண்களின் சட்டங்கள், முதலில் பூசப்பட்ட நீல நிறத்துக்குத் திரும்பியிருக்கின்றன. அதைத் தாண்டிய நாடாளுமன்றச் சதுக்கத்தில் காந்தி நிற்கிறார். 1931இல் அவர் லண்டன் வந்திருந்தபோது எடுத்த புகைப்படத்தை ஒட்டி வார்க்கப்பட்டு, 2015இல் திறக்கப்பட்ட வெண்கலச் சிலை. அவரைக் கடுமையாகப் பழித்துப் பேசிய சர்ச்சிலும் அதே சதுக்கத்தில்தான் நிற்கிறார் என்பதைப் பெரியவர்களுக்குக் காட்டினால், அவர்கள் அன்று முழுவதும் அதைப் பற்றியே பேசுவார்கள்.

இனி, இந்தப் பேருந்து காட்டாதவை. முதலாவது பக்கிங்ஹாம் அரண்மனை. வரைபடத்தில் அதன் படம் பெரிதாக இருக்கும். நிறுத்தத்துக்கும் அந்தப் பெயரே இருக்கும். ஆனால் அரண்மனை முகப்புக்கு நேராகச் செல்லும் மால் சாலையில் இந்தப் பேருந்துகள் வழக்கமாகப் போவதில்லை. பெரும்பாலும் கிராஸ்வெனர் பிளேஸ் என்ற சாலை வழியாகப் போகும்போது ஓர் உயர்ந்த செங்கல் சுவரும், அதன் மேல் முள்வேலியும், அதற்குப் பின்னால் மரங்களும் தெரியும். அரண்மனைத் தோட்டத்தின் கொல்லைப்புறம் அது. காசு கொடுத்து ஏமாந்தோம் என்ற புலம்பல் அநேகமாக இந்த இடத்தில்தான் எழுகிறது. அரண்மனையைப் பார்க்க வேண்டுமென்றால், சுற்று முடிந்த பின் வைட்ஹால் பக்கம் இறங்கி, ஹார்ஸ் கார்ட்ஸ் வழியாக செயின்ட் ஜேம்ஸ் பூங்காவுக்குள் நடந்து போங்கள். ஏற்ற இறக்கமில்லாத பாதை, வழியெங்கும் பெஞ்சுகள், நடுவில் ஏரி. 1664இல் ரஷ்யத் தூதர் பரிசளித்த கூழைக்கடாக்களின் வழியில் இன்றும் அங்கே அந்தப் பறவைகளை வளர்க்கிறார்கள். மெதுவாக நடந்தாலும் அரை மணிக்குள் அரண்மனை வாசல் வந்துவிடும். இரண்டாவது, பிரிட்டிஷ் அருங்காட்சியகமும் கோவென்ட் கார்டன் சந்தையும். இவை உள் தெருக்களில் இருப்பதால் பேருந்திலிருந்து பெரும்பாலும் தெரியாது.

நேரத்தைப் பொறுத்தவரை, ஞாயிற்றுக்கிழமை காலை முதல் வண்டிக்கு ஈடில்லை. சிட்டியில் அன்று அலுவலகம் கிடையாது. வார நாளில் ஊர்ந்து போகும் கேனன் தெருவில் பேருந்து தடையின்றி ஓடும். கடைகளும் மூடியிருக்கும் என்பதால் அந்தப் பகுதியில் மதிய உணவை நம்பிப் போக வேண்டாம். சனிக்கிழமை பிற்பகல்களில் வைட்ஹாலில் அடிக்கடி பேரணி நடக்கும். அன்று பேருந்து எங்கே திரும்பும் என்று ஓட்டுநருக்கே கடைசி நிமிடத்தில்தான் தெரியும். ஏப்ரலில் மாரத்தான், ஜூனில் மன்னரின் பிறந்தநாள் அணிவகுப்பு, நவம்பர் இரண்டாம் சனிக்கிழமை நகரத் தலைவர் ஊர்வலம் ஆகிய நாள்களில் சீட்டு வாங்காமல் இருப்பதே மேல். அரண்மனைக் காவலர் மாறும் நிகழ்ச்சி நடக்கும் காலைகளில் 11 மணியை ஒட்டி அந்தப் பக்கத்துச் சாலைகளும் அடைபடும். குளிர்காலத்தில் வருகிறீர்களானால், டிசம்பரில் மாலை 4 மணிக்கு முன்பே சூரியன் மறைந்துவிடும் என்பதை நினைவில் வையுங்கள். ஜூனில் இரவு 9 மணிக்கும் வெளிச்சம் இருக்கும், ஆனால் பகல் சுற்றுப் பேருந்துகள் அதற்கு வெகுமுன்பே ஓய்ந்துவிடும்.

மழையைப் பற்றிப் பலர் அளவுக்கு மீறி அஞ்சுகிறார்கள். லண்டனில் ஓர் ஆண்டுக்குப் பெய்யும் மொத்த மழை ஏறக்குறைய 600 மில்லிமீட்டர்தான். அது ஆண்டு முழுவதும் தூறலாகச் சிதறி வருகிறது. உண்மையான தொல்லை காற்று. தெருவில் இதமாக இருக்கும் நாளிலும் மாடியில், அதுவும் பாலத்தின் மேல், குளிர் எலும்புக்குள் இறங்கும். அம்மா புடவை கட்டிவருவதானால் முந்தானையை நன்றாக ஊக்கு குத்திவிட்டு, மேலே பொத்தான் போட்ட கோட்டும் காதை மூடும் கம்பளித் தொப்பியும் போட்டுக்கொள்ளட்டும், சால்வை பறக்கும். பல பேருந்துகளில் மாடியின் முன்பகுதிக்கு மட்டும் கூரையும் கண்ணாடியும் இருக்கும். அந்தக் கூரை முடியும் இடத்துக்கு அடுத்த வரிசையில் பெரியவர்களை உட்கார வையுங்கள். காற்று நேராக முகத்தில் அடிக்காது, வானமும் மறையாது. கடைசி வரிசை வேண்டாம், குலுக்கல் அதிகம். மரக்கிளைகள் தலையை உரசும் தூரத்தில் வரும் சாலைகள் உண்டு என்பதால் படம் எடுக்க யாரும் எழுந்து நிற்கக் கூடாது. படிக்கட்டில் ஏறுவதும் இறங்குவதும் வண்டி நின்ற பிறகே; வண்டி நகரத் தொடங்கிவிட்டால் அடுத்த நிறுத்தம்வரை பொறுத்திருப்பது நல்லது.

பேருந்தில் கழிப்பறை கிடையாது. வயதானவர்களுடன் போகும்போது மற்ற எல்லாவற்றையும்விட இது முக்கியம். ஏறுவதற்கு முன் டிராஃபல்கர் சதுக்கத்தில் தேசிய ஓவியக்கூடத்துக்குள் போய்வரலாம், நுழைவு இலவசம். சேரிங் கிராஸ், விக்டோரியா, வாட்டர்லூ, கேனன் ஸ்ட்ரீட் ஆகிய பெரிய ரயில் நிலையங்களின் கழிப்பறைகளுக்கு 2019 முதல் கட்டணம் இல்லை. தடத்தில் எது எங்கே வருகிறது என்று முன்கூட்டியே குறித்து வைத்துக்கொண்டால் நடுவழியில் பதற வேண்டியிராது.

சீட்டின் விலை நிறுவனத்தையும் பருவத்தையும் பொறுத்து மாறும். பெரியவர் ஒருவருக்கு நாள் ஒன்றுக்கு 30 முதல் 50 பவுண்ட் வரை எதிர்பார்க்கலாம். இணையத்தில் முன்கூட்டியே வாங்கினால் குறையும். 24 மணி நேரச் சீட்டும் ஒரு நாள் சீட்டும் ஒன்றல்ல; முன்னது முதன்முதலாக ஏறிய நேரத்திலிருந்து கணக்கிடப்படும், பின்னது அன்றைய கடைசி வண்டியோடு முடிந்துவிடும். பிற்பகலில் வந்து சேர்கிறவர்களுக்கு முன்னதே இலாபம். பல சீட்டுகளோடு தேம்ஸ் படகுப் பயணமும் சேர்ந்து வரும். அப்படி வந்தால், முழுச் சுற்றை முடித்து மதிய உணவுக்குப் பின் டவர் கோட்டையில் ஒருமுறை மட்டும் இறங்கிப் பார்த்துவிட்டு, அங்கிருந்து படகில் வெஸ்ட்மின்ஸ்டர் திரும்புங்கள். காலையில் பேருந்திலிருந்து பார்த்த பாலங்களின் அடியில் நுழைந்து வருவீர்கள். அப்பாவின் முழங்காலுக்கும் அது ஓய்வு. படகுத்துறைகளில் சரிவுப்பாதை உண்டு. நீர்மட்டம் இறங்கியிருக்கும் நேரத்தில் மட்டும் அந்தச் சரிவு சற்றுச் செங்குத்தாகும்.

இரண்டாம் நாளுக்குச் சிவப்பு நிற நகரப் பேருந்தே போதும் என்று சொன்னேன். 2025ஆம் ஆண்டு நிலவரப்படி ஒருமுறை ஏற 1.75 பவுண்ட், அதற்குள் ஒரு மணி நேரம் வரை வேறு பேருந்துகளுக்கும் மாறிக்கொள்ளலாம். நாள் முழுவதும் எத்தனை முறை ஏறினாலும் பேருந்துக்கு 5.25 பவுண்டுக்கு மேல் பிடிக்க மாட்டார்கள். மூன்று பேருக்கு 15.75 பவுண்ட், சுற்றுலாப் பேருந்தில் ஓர் ஆளின் மிகக் குறைந்த சீட்டு விலையில் பாதிக்குச் சற்றே கூட. பணம் நெருக்கடியாக இருந்தால் முதல் நாளும் 15ஆம் எண் பேருந்தின் மாடியில் முன் இருக்கையைப் பிடித்துக்கொண்டு டிராஃபல்கர் சதுக்கத்திலிருந்து டவர் கோட்டை வரை போகலாம்; நான் மேலே விவரித்த பாதை அநேகமாக அதுவேதான். கூரை இருப்பதால் உயரத்தைப் பார்க்க முடியாது, விளக்கம் சொல்ல ஆளில்லை என்ற இரண்டு குறைகள் மட்டுமே. 9ஆம் எண் பேருந்து கென்சிங்டன், ராயல் ஆல்பர்ட் அரங்கு, ஹைட் பூங்கா முனை வழியாகப் போகும். 24ஆம் எண் பேருந்து நாடாளுமன்றச் சதுக்கம், வைட்ஹால், டிராஃபல்கர் சதுக்கம் வழியாக வடக்கே காம்டன் தாண்டி ஹாம்ஸ்டெட் ஹீத் வரை போகிறது. பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்கு அதில் டாட்டன்ஹாம் கோர்ட் சாலைப் பக்கம் இறங்கிச் சற்று நடக்க வேண்டும்.

நகரப் பேருந்துகளில் 2014 முதல் ரொக்கம் வாங்குவதில்லை. தொட்டுச் செலுத்தும் வங்கி அட்டையோ, ஆய்ஸ்டர் எனப்படும் லண்டன் போக்குவரத்து அட்டையோ வேண்டும். ஒரே அட்டையை மூவருக்கும் தொட முடியாது, ஆளுக்கொன்று தேவை. ஏறும்போது ஒருமுறை தொட்டால் போதும், இறங்கும்போது தொட வேண்டியதில்லை. இந்திய வங்கி அட்டையைக் கொண்டுவருகிறீர்களானால், வெளிநாட்டுப் பரிவர்த்தனையும் தொட்டுச் செலுத்தும் வசதியும் அதில் திறக்கப்பட்டிருக்கின்றனவா என்று புறப்படுவதற்கு முன்பே வங்கிச் செயலியில் பார்த்துவிடுங்கள்.